பொய்த்தரை

வேன் கரைமேட்டில் வந்து நின்றபோது உச்சிப்பொழுது. ஆனால் வெயில் அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பார்த்திருக்கவில்லை. சதுப்பின் மேல் மூடுபனி அசையாமல் படுத்திருந்தது. கரைக்கு இந்தப் பக்கம் நாற்பது தகரக் கூரை வீடுகள். அந்தப் பக்கம் கண்ணுக்கெட்டிய தூரம் கோரையும் தண்ணீரும். தரை எங்கே முடிகிறது, தண்ணீர் எங்கே தொடங்குகிறது என்பதை அங்கேயே பிறந்து வளர்ந்த காலால்தான் சொல்ல முடியும். கண்ணால் முடியாது.

இயக்குநர்தான் முதலில் குதித்து இறங்கினார். இரண்டு கைகளையும் விரித்து மூச்சை நன்றாக இழுத்துவிட்டார்.

"ஆஹா! பொறந்த வீட்டுக்கு வந்த மாதிரி இருக்குப்பா."

பின் இருக்கையில், மடியில் ஒலிப்பதிவுப் பெட்டியோடு உட்கார்ந்திருந்த மைக்கம்மா பல்லைக் கடித்துக்கொண்டாள்.

மைக்கம்மா என்பது கரை மக்கள் வைத்த பெயர். மூன்று வருஷத்துக்கு முன்னால் இந்தக் குழு எட்டு மாதம் இங்கே தங்கிப் படம் எடுத்தது. இயக்குநர், கேமராமேன், ஒலிப்பதிவுக்கு இவள், மூன்றே பேர். நீளக் கோலின் நுனியில் மைக்கைக் கட்டித் தூக்கிக்கொண்டு, காதில் ஹெட்ஃபோனோடு இவள் கோரைக்குள் திண்டாடுவதைப் பார்த்து, "மைக்கம்மா, அந்தக் கோலுல மீன் மாட்டுமா?" என்று முதலில் கேட்டவள் நாரை. பெயர் அப்படியே ஒட்டிக்கொண்டது. நாரையும் பட்டப்பெயர்தான். நீளக் கூந்தலை அள்ளி முடிந்துகொண்டு, நெட்டைக் கால்களைத் தூக்கித் தூக்கி வைத்து, தண்ணீர் சலசலக்காமல் நடப்பாள். கோரை அறுப்பதில் அவளை அடிக்க அந்தக் கரையில் ஆள் இல்லை.

படம் முடியும் தறுவாயில் நாரை சதுப்பில் மூழ்கிப் போனாள். உடல்கூடக் கிடைக்கவில்லை. தனியாகக் கோரை அறுக்கப் போன இடத்தில் கால் இடறிவிட்டது, கேமரா வெகு தூரத்தில் இருந்தது, ஓடி வருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. கரைக்குச் சொல்லப்பட்ட கதை இதுதான். படத்திலும் அப்படித்தான் இருந்தது. அந்த ஒரு காட்சிக்காகவே படம் நாடு நாடாகப் போய் விருதுகளை அள்ளி வந்தது. மைக்கம்மாவுக்கும் ஒன்று கிடைத்தது. சிறந்த ஒலிக்காக. அதை அவள் செருப்பு அலமாரியின் அடித்தட்டில் போட்டு வைத்திருந்தாள்.

ஊர் உலகத்துக்குத் தெரியாத மக்களோடு போய்த் தங்கி, அவர்கள் பாயில் படுத்து, அவர்கள் தட்டில் சாப்பிட்டுப் படம் எடுப்பவர் என்று இயக்குநருக்குப் பெயர். 'நான் படம் எடுக்கறதில்ல, வாழறேன்' என்பது மேடைக்கு மேடை அவர் சொல்லும் வசனம். இப்போது இரண்டாம் பாகம் வாழ வந்திருந்தார். கரை மக்கள் முதல் படத்தை இதுவரை பார்த்ததில்லை. அதை அவர்களுக்குப் போட்டுக் காட்டப் போகிறார். பெண்டாட்டி மூழ்குவதைத் திரையில் பார்க்கும் புருஷனின் முகம். புதிய படத்தின் உச்சகட்டம் அதுதான் என்று எழுதிக் கொடுத்த திட்டத்தில் கூச்சமே இல்லாமல் போட்டிருந்தார்.

அதைப் படித்த அன்று மைக்கம்மா கையிலிருந்த டம்ளரைச் சுவரில் விட்டெறிந்தாள். பிறகு போன் செய்து, நானும் வருகிறேன் என்றாள். இவர் படத்தைப் போடுவதற்கு முன்னால் நான் வாயைத் திறந்துவிட வேண்டும். அந்த ஒரே எண்ணத்தோடு வேனில் ஏறியவள்.

கரையில் நாரையின் புருஷன் நின்றிருந்தார். படகுக்காரர். பக்கத்தில் நாரையின் அக்காக்காரி.

"வாங்க தம்பி, வாங்க" என்று இயக்குநரை வரவேற்றுவிட்டு, அக்காக்காரி நேராக மைக்கம்மாவிடம் வந்து கன்னத்தைத் தொட்டாள். "என்ன மைக்கம்மா இப்படித் துரும்பா இளைச்சுட்டீங்க? சாப்பிடறீங்களா இல்லையா?"

மைக்கம்மா வாயைத் திறந்தாள். சொல்ல வந்தது வேறு.

"வேல ஜாஸ்திக்கா" என்றாள்.

படகுக்காரர் அவளுடைய பெட்டியை வாங்கித் தோளில் வைத்துக்கொண்டார். "போன தடவ இருந்த ரூமையே தொடச்சு வெச்சிருக்கேன்."

அது பழைய நீரேற்று நிலையத்தின் மாடி. இயந்திரங்களைக் கழற்றிக்கொண்டு போய் வெகு காலம் ஆகிறது. கீழே வெறும் குழாய்களும் துருவும். மேலே ஒரே ஜன்னல், சதுப்பைப் பார்த்து. சுவரெல்லாம் ஈரம் பூத்திருந்தது. கட்டிலும் நாற்காலியும் துடைத்து வைக்கப்பட்டிருந்தன, ஆனால் அறைக்குள் நுழைந்ததுமே ஒரு வாடை. பூந்தொட்டியைத் தூக்கினால் அடியில் அடிக்குமே, அந்த மாதிரி.

எந்த இடத்துக்குப் போனாலும் மைக்கம்மா முதலில் செய்யும் வேலை ஒன்று உண்டு. கதவை மூடி, எல்லோரையும் வெளியே அனுப்பிவிட்டு, அந்த இடத்தின் சும்மா இருக்கும் சத்தத்தை ஒரு நிமிஷம் பதிவு செய்துகொள்வாள். படத்தொகுப்பில் ஒட்டுப் போட உதவும். அன்றும் மைக்கை நடு அறையில் நிறுத்திவிட்டு, ஹெட்ஃபோனை மாட்டிக்கொண்டு, சுவரோரம் உட்கார்ந்தாள்.

எங்கோ ஒரு சொட்டு. கதவிடுக்கில் காற்று. அவளுடைய மூச்சு.

பிறகு, சேற்றிலிருந்து ஒரு காலைப் பிடுங்கும் சத்தம்.

அவள் ஜன்னலைப் பார்த்தாள். வெளியே யாராவது நடக்கலாம். ஹெட்ஃபோனைக் கழற்றிக் காது கொடுத்தாள். ஒன்றும் இல்லை. ஒரு காக்கை கூடக் கத்தவில்லை.

மறுபடி மாட்டினாள்.

இன்னொரு கால். சேறு உறிஞ்சி, விட்டது.

இன்னொரு கால்.

சத்தம் வெளியிலிருந்து வரவில்லை. படிக்கட்டில் ஏறி வந்தது. வாசலைத் தாண்டியது. வெறும் சிமெண்டுத் தரையில், முழங்கால் சேற்றில் நடப்பவளின் நடை. நெட்டைக் கால்களின் நடை. இந்த நடையை எட்டு மாதம் பதிவு செய்தவள் அவள்.

மைக்குக்கு முன்னால் வந்து நின்றது.

மூச்சு வாங்கியது.

"மைக்கம்மா... உங்களுக்குக் கேக்குதுல்ல?"

அவள் ஹெட்ஃபோனைப் பிய்த்து எறிந்தாள். அறையில் யாரும் இல்லை.

அந்த வாக்கியத்தை அவள் முதல் முறையாகக் கேட்கவில்லை. நடந்தது இதுதான். அன்றைக்கு நாரை தனியாகப் போகவில்லை. படகில் மூன்று பேரும் இருந்தார்கள். சதுப்பில் சில இடங்களில் புல்லும் வேரும் பின்னிக்கொண்டு தண்ணீர் மேல் மிதக்கும். பார்த்தால் தரை, கால் வைத்தால் பாதாளம். கரை மக்கள் அதைப் பொய்த்தரை என்பார்கள். அதன் ஓரத்தில்தான் அன்று வெளிச்சம் அழகாக விழுந்தது. இயக்குநர் அங்கே நடக்கச் சொன்னார். நாரை மாட்டேன் என்றாள். அவர் கெஞ்சினார், கொஞ்சினார், 'அக்கா இல்லையா நீங்க' என்றார். அவள் நடந்தாள். நாலாவது அடியில் இடுப்பு வரை போனாள். படகில் கயிறு இருந்தது, சுருட்டிக் காலடியிலேயே கிடந்தது. 'யாரும் அசையாதீங்க, கேமராவ நிறுத்தாத' என்றார் இயக்குநர். கால் மணி நேரம். கேமராமேன் நிறுத்தவில்லை. மைக்கம்மாவும் கோலைக் கீழே போடவில்லை. கை மரத்துப்போயிற்று என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள் பிறகு. இருபதடி தள்ளியிருந்த நாரை கடைசியில் மற்ற இருவரையும் விட்டுவிட்டு அவளை மட்டும் பார்த்தாள். மைக் நாரையின் வாயை நோக்கியே இருந்ததால், அந்த முனகல் பக்கத்தில் படுத்திருப்பவள் சொன்னது போலக் காதுக்குள் விழுந்தது. உங்களுக்குக் கேக்குதுல்ல?

பிறகு ஸ்டுடியோவில், 'அந்தக் கொரல் வேணாம், காத்து போடு' என்றார் இயக்குநர். போட்டாள். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்க அரை மணி நேரம் போதுமானதாக இருந்தது. மூலப் பதிவையும் அழித்தாள். அதற்குத்தான் விருது.

கதவு திறந்தது. மைக்கம்மா துள்ளி விழுந்தாள். கேமராமேன்தான்.

"என்னக்கா, மொகம் பேயறஞ்ச மாதிரி இருக்கு?"

அவள் பதிவைப் பின்னுக்கு ஓட்டி, ஹெட்ஃபோனை அவனிடம் நீட்டினாள். அவன் ஒரு காதில் வைத்துக் கேட்டான். கேட்டுக்கொண்டே கட்டிலில் உட்கார்ந்துவிட்டான்.

"இத அழிச்சுட்டோமேக்கா" என்றான். "அன்னிக்கே அழிச்சுட்டோமே."

மைக்கம்மா நேராகக் கீழே போனாள். இயக்குநர் கரையில் நின்று சதுப்பை விரல்களால் சட்டம் போட்டுப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"படத்தப் போடாதீங்க."

"என்னம்மா?"

"அந்த மனுஷன் முன்னாடி அதப் போடாதீங்க. வேணாம். சொல்றேன்."

அவர் சிரித்தார். கோபமே வராது அவருக்கு. அதுதான் அவளுக்கு இன்னும் எரிச்சலைக் கிளப்பும். "உண்மையக் காட்டறதுதாம்மா நம்ம தொழில். அவரு அழுதா நல்லது. அழலன்னா இன்னும் நல்லது. அந்த ரூம் சத்தம் எடுத்துட்டியா?"

எரிகிற வீட்டில் பிடுங்கின வரைக்கும் லாபம் என்று திரிபவனிடம் நியாயம் பேசி என்ன பயன்? அவள் படம் போடவிருந்த வலைக் கொட்டகைக்கு நடந்தாள். படகுக்காரர் ஏணியில் ஏறி, படம் தெரிவதற்காக ஜன்னல்களுக்குத் தார்ப்பாய் அடித்துக்கொண்டிருந்தார். வாயில் நாலு ஆணி. இப்போது சொல்லிவிட வேண்டும். இந்த நிமிஷமே.

"அண்ணே, உங்ககிட்ட ஒண்ணு..."

அவர் ஆணிகளை உள்ளங்கையில் துப்பிக்கொண்டு இறங்கி வந்தார். முகத்தில் ஒரு வெட்கச் சிரிப்பு. "என்கிட்ட அவ போட்டோகூட ஒண்ணு இல்ல, மைக்கம்மா. மூணு வருஷத்துல மொகமே மறந்து போற மாதிரி இருக்கு. இன்னிக்கு அவ நடக்கறத ஒரு தடவ பாத்துடுவேன்ல?"

மைக்கம்மா தலையை ஆட்டினாள். அவர் மறுபடி ஏணியில் ஏறிவிட்டார்.

அவளுக்குத் தன்னையே ஓங்கி அறைந்துகொள்ள வேண்டும் போல இருந்தது.

மூன்று மணிக்குக் கொட்டகை நிறைந்துவிட்டது. வெளியே மூடுபனி இன்னும் இறுகி, வாசலுக்கு அப்பால் ஒன்றுமே தெரியவில்லை. முதல் வரிசையில் படகுக்காரர், சலவைச் சட்டை போட்டுக்கொண்டு. பக்கத்தில் அக்காக்காரி. அவர்கள் முகத்தைப் பார்த்தபடி கேமரா, அதன் பின்னால் கேமராமேன். மைக்கம்மா ஓரத்தில் ஹெட்ஃபோனோடு.

படம் ஓடியது. தங்கள் கரையையும் படகுகளையும் பார்த்து ஜனங்கள் சிரித்தார்கள். 'ஏய், அது என் சட்டைடா' என்று ஒருவர் கத்தினார். பிறகு நாரை வந்தாள். சிரிப்பு நின்றது. நாரை நடந்தாள், அறுத்தாள், கட்டுத் தூக்கினாள். படகுக்காரர் முன்னால் சாய்ந்து, திரையைத் தொடப் போகிறவர் போலக் கையை உயர்த்தினார்.

இயக்குநர் கேமராமேனின் காதில், "மொகத்துக்குக் கிட்ட போ, கிட்ட போ" என்றார்.

அந்தக் காட்சி வந்தது. வெகு தூரத்திலிருந்து எடுத்தது போல, கோரைக்கு நடுவே ஒரு தலை. மேலே காற்று. மைக்கம்மா போட்ட காற்று. நல்ல காற்று, அவளே வேறொரு ஊரில் மலை உச்சியில் நின்று பிடித்தது.

காற்று மெலிந்தது.

அவள் பெட்டியைப் பார்த்தாள். அவள் எதையும் தொடவில்லை.

காற்று நின்றது.

"தம்பி, அங்க தரை பொய் தம்பி." ஒலிபெருக்கி இரண்டிலிருந்தும் நாரையின் குரல், தெள்ளத் தெளிவாக.

"ஒண்ணும் ஆகாதுக்கா, நாலே அடி. வெளிச்சம் அங்கதான் நல்லாருக்கு. அக்கா இல்லையா நீங்க?" இது இயக்குநரின் குரல்.

கொட்டகையில் ஒரு தலைகூட அசையவில்லை.

தொப்பென்று ஒரு சத்தம். சேறு. மூச்சு. "தம்பி, கயித்தப் போடுங்க. கயித்தப் போடுங்க தம்பி."

"யாரும் அசையாதீங்க. கேமராவ நிறுத்தாத."

இயக்குநர் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தார். "யேய்! என்ன பண்ணி வெச்சிருக்க நீ?" மைக்கம்மாவைப் பார்த்துக் கத்திக்கொண்டே ஓடிப்போய் மின்கம்பியைச் சுவரிலிருந்து பிடுங்கினார்.

திரை இருண்டது. ஒலிபெருக்கியின் சிவப்பு விளக்கு அணைந்தது.

குரல் நிற்கவில்லை.

"கயித்தப் போடுங்க."

இருட்டில் அது ஒலிபெருக்கியிலிருந்தும் வரவில்லை. ஆட்களுக்கு நடுவே நகர்ந்தது. ஒவ்வொரு வரிசையாக. ஈரத்துணியின் வாடை கூடவே நகர்ந்தது. யாரோ ஒருத்தி வீறிட்டாள். சேற்றுக்கால் ஓசை மைக்கம்மாவின் முன்னால் வந்து நின்றது.

"மைக்கம்மா... உங்களுக்குக் கேக்குதுல்ல?"



"கேட்டுச்சு" என்றாள் மைக்கம்மா. எழுந்து நின்று, கொட்டகை முழுக்கக் கேட்கும்படி கத்தினாள். "கேட்டுச்சு! எல்லாமே கேட்டுச்சு! நாங்க மூணு பேரும் படகுலதான் இருந்தோம். கயிறு என் காலடியில இருந்துச்சு. நான் எடுக்கல. இந்தாளு நடக்கச் சொன்னாரு, நான் பாத்துக்கிட்டு நின்னேன். அவ கொரல அழிச்சதும் நான்தான்!"

யாரோ தார்ப்பாயைக் கிழித்தார்கள். வெள்ளை வெளிச்சம் உள்ளே விழுந்தது. குரல் இல்லை. மைக்கம்மாவின் காலடியில், சிமெண்டுத் தரையில், ஒரு குட்டை தண்ணீர் தேங்கியிருந்தது.

அக்காக்காரி எழுந்து வந்தாள். அறைவாள் என்று மைக்கம்மா கண்ணை மூடிக்கொண்டாள். அறைந்திருந்தால் தேவலை.

"மூணு வருஷமா எங்கடி போன?" என்றாள் அக்காக்காரி. குரலை உயர்த்தவே இல்லை. "அவ பேயா வந்து கேட்டப்பறம்தான் ஒனக்கு வாய் வந்துச்சா? உன் நெஞ்சுல இருக்கற பாரத்த எறக்கி வெக்க எங்க வீடுதான் கெடச்சுதா?"

மைக்கம்மா ஹெட்ஃபோனைக் கழற்றிக் கீழே வைத்தாள். 

படகுக்காரர் உட்கார்ந்த இடத்தை விட்டு அசையவில்லை. இருண்ட திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் இயக்குநரிடம் ஒரே ஒரு கேள்விதான் கேட்டார். "எவ்ளோ நேரம் தம்பி கத்தினா?"

இயக்குநர் வாசலைப் பார்த்து நடந்தார். "பைத்தியக்கார ஜனம். இவ ஏதோ பழைய டேப்ப ஒட்டி நாடகம் ஆடறா, நம்பறீங்க. வேன எடுப்பா, கெளம்பலாம்" என்று கேமராமேனைப் பார்த்துச் சொன்னார். கேமராமேன் வரவில்லை. கேமராவை விட்டு விலகி, சுவரில் சாய்ந்து, முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதுகொண்டிருந்தான்.

இயக்குநர் மட்டும் வெளியே போனார். மூடுபனி அவரை விழுங்கிற்று. வேன் கதவு திறக்கும் சத்தம் கேட்டது.

அப்புறம், சதுப்பின் பக்கமிருந்து, அன்பாக, யாரோ வீட்டுக்குக் கூப்பிடுவது போல:

"தம்பி... இந்தப் பக்கம் வாங்க. இங்க வெளிச்சம் நல்லாருக்கு."

வேன் கதவு மூடப்படவில்லை. காலடிகள் ஓடி வந்தன. இயக்குநர் திரும்பக் கொட்டகைக்குள் நுழைந்தார். முகத்தில் பயமே இல்லை. மைக்கம்மா அவரோடு பத்து வருஷம் வேலை பார்த்தவள். அந்த முகம் அவளுக்குத் தெரியும். காட்சி கிடைத்துவிட்ட முகம்.

"அங்க நிக்கறா" என்றார். "நிஜமா நிக்கறாப்பா." முக்காலியிலிருந்து கேமராவைக் கழற்றித் தோளில் வைத்துக்கொண்டு ஓடினார்.

மற்றவர்கள் கரைக்குப் போய்ச் சேர்ந்தபோது அவர் பத்தடி உள்ளே போயிருந்தார். பச்சைப் புல்மேல் நடந்தார். ஒரு கண் கேமராவில். கரை முழுக்க ஒரே குரலாகக் கத்திற்று: "பொய்த்தரை! அது பொய்த்தரை!"

இடுப்பு வரை போனார்.

படகுக்காரர் கட்டியிருந்த படகிலிருந்து கயிற்றை அவிழ்த்தார். அக்காக்காரி அவர் கையைப் பிடித்தாள். "விடு. அவன் பாத்த மாதிரி நாமளும் பாப்போம்."

படகுக்காரரின் தாடை இறுகியது. கழுத்து நரம்புகள் புடைத்துக்கொண்டு நின்றன. ஒரு விநாடி, இரண்டு விநாடி. பிறகு கையை உதறினார்.

"அவன் பாப்பான். நான் அவன் இல்ல."

வீசினார். கயிறு சரியாக இயக்குநரின் மார்பின் குறுக்கே விழுந்தது. "புடிங்க! கேமராவ விட்டுட்டுப் புடிங்க!"

அவர் பிடிக்கவில்லை. இரண்டு கையும் கேமராவில் இருந்தன. லென்ஸ், ஒருவரும் இல்லாத வெள்ளைப் பனியை நோக்கி இருந்தது.

மைக்கம்மா படகின் நடைப்பலகையைப் பிடுங்கி, புல்மேல் போட்டு, குப்புறப் படுத்துத் தவழ்ந்தாள். யாரும் அவளைப் போகச் சொல்லவில்லை, தடுக்கவும் இல்லை. பலகை அமிழ்ந்தது. இடது காதுக்குள் தண்ணீர் புகுந்தது, பனிக்கட்டிபோல. கையை நீட்டி அவருடைய சட்டைக் காலரைப் பற்றினாள்.

"விட்டுத் தொலைங்க அத! கைய குடுங்க!"

அவர் அவள் பக்கம் திரும்பவே இல்லை. சேறு மார்பைத் தாண்டித் தோளுக்கு வந்திருந்தது. உதடுகள் மட்டும் அசைந்தன.

"ஷ்ஷ்... டேக் போயிட்டிருக்கும்மா."

அவர் சிரித்துக்கொண்டிருந்தார்.

காலர் கிழிந்து அவள் கையோடு வந்தது. கழுத்து போயிற்று. வாய் போயிற்று. கடைசி வரை கேமரா மட்டும் நேராக நின்றது. அதைத் தாங்கியது அவருடைய கைகள்தானா என்று மைக்கம்மா இன்றுவரை நிச்சயமாகச் சொல்ல மாட்டாள். சேற்றுக்கு மேலே அவள் எண்ணியபோது நாலு கைகள் இருந்தன.

மூன்றாம் நாள் இயக்குநரின் உடல் கிடைத்தது. கேமரா கிடைக்கவில்லை.

ஊர் திரும்பியதும் மைக்கம்மா காவல் நிலையத்துக்குப் போய், நாரை இறந்த நாளைப் பற்றி ஒன்று விடாமல் எழுதிக் கொடுத்தாள். தன் பெயரையும் சேர்த்துத்தான். கேமராமேனும் கையெழுத்துப் போட்டான். இனி எந்த நாட்டிலும் அந்தப் படம் ஓடாது என்று தயாரிப்பு நிறுவனம் அறிவித்தது. வழக்கு நடக்கிறது. முதல் விசாரணைக்குப் படகுக்காரரும் அக்காக்காரியும் வந்திருந்தார்கள். நடைபாதையில் எதிரே பார்த்தபோது, அக்காக்காரி முகத்தைத் திருப்பிக்கொண்டு சுவர்ப் பக்கமாக நடந்து போனாள். மைக்கம்மா அதற்காக வருத்தப்படவில்லை. தன் மேல் அவளுக்கே இருந்த ஆத்திரம் அதைவிடப் பெரிது. ஒலிப்பதிவுப் பெட்டியைத் தலைமுழுகினாள். சேற்று நாற்றம் போகவில்லை என்று தலைமுடியையும் ஒட்ட வெட்டிக்கொண்டாள்.

ஆனால் இடது காது அடைத்தபடியே இருந்தது. இரண்டு மாதம் பொறுத்துப் பார்த்துவிட்டு, ஒரு காலையில் காது மருத்துவரிடம் போனாள். நல்ல வெளிச்சமான அறை, சோப்பு வாசனை, கறாரான நடுவயதுப் பெண் மருத்துவர்.

"எங்கயாவது குளம் குட்டையில விழுந்தீங்களாம்மா?" என்று கேட்டுக்கொண்டே விளக்கை நெற்றியில் இறக்கி, காதுக்குள் பார்த்தார். "உள்ள ஏதோ இருக்கு. ஆடாம இருங்க."

குறடு உள்ளே போயிற்று. வலி இல்லை. ஏதோ ஒன்று வழுக்கிக்கொண்டு வெளியே வருவது மட்டும் தெரிந்தது. வந்தது. வந்துகொண்டே இருந்தது.

"முடி" என்றார் மருத்துவர். ஒரு சாண் வந்தது. ஒரு முழம் வந்தது. கருகருவென்று நனைந்து, வெள்ளைத் தட்டில் சுருண்டு விழுந்தது. அவர் மைக்கம்மாவின் ஒட்ட வெட்டிய தலையைப் பார்த்தார். தட்டைப் பார்த்தார். குரலில் இருந்த கறார் போய்விட்டது.

"யாரோட முடிம்மா இது?"



மருத்துவர் இழுப்பதை நிறுத்தி, குறடை மேசைமேல் வைத்தார். 

தட்டில் கிடந்த முடி மெல்ல நகர்ந்தது. சுருள் பிரிந்தது. ஒரு அவசரமும் இல்லாமல், வந்த வழியே உள்ளே திரும்பிப் போகத் தொடங்கியது.